ப்ராப்பை விட்டுவிடுங்கள், பாவம்

அந்தத் திரைக்கதைப் பட்டறை வீடியோவை ஆளாளுக்குப் பகிர்ந்து தள்ளுகிறீர்கள். நானும் பார்த்துத் தொலைத்தேன். "ப்ராப் சொன்ன 31 படி. வரிசையாக நிரப்பினால் கதை ரெடி. வில்லன் இல்லாமல் கதையே கிடையாது." கைதட்டல் வேறு.

ரஷ்ய நாட்டார் கதை ஆய்வாளர் விளாடிமிர் ப்ராப் யாருக்கும் கதை எழுதச் சொல்லித்தரவில்லை ஐயா. அஃபனாசியேவ் திரட்டிய நாட்டார் கதைத் தொகுப்பிலிருந்து 100 ரஷ்ய மாயக்கதைகளை எடுத்துப் பிரித்துப் பார்த்தார், அவ்வளவுதான். 'கதையின் உருவவியல்' என்ற அந்தப் புத்தகம் 1928இல் வந்தது. அவர் வைத்த தலைப்பில் 'மாயக்கதை' என்றிருந்தது; 'மாய' என்ற சொல்லைத் தூக்கியது பதிப்பாசிரியர். தன்னை விமர்சித்த பிரெஞ்சு மானிடவியலாளர் லெவி-ஸ்ட்ராஸுக்கு 1966இல் பதில் எழுதும்போது ப்ராப்பே இதைச் சொன்னார். மாயக்கதைக்குச் சொன்னதை எல்லாக் கதைக்கும் என்று எடுத்துக்கொண்டு, அன்று போன ஒற்றைச் சொல்லுக்கு இன்றுவரை தண்டம் கட்டுகிறோம்.

அவர் கண்டது இது. ஒரு கதையில் ஜார் கழுகைக் கொடுக்கிறான். அது நாயகனை வேறு நாட்டுக்குத் தூக்கிப் போகிறது. இன்னொன்றில் கிழவன் குதிரை கொடுக்கிறான். மந்திரவாதி என்றால் படகு. இளவரசி கொடுத்த மோதிரத்திலிருந்தோ இளைஞர்கள் கிளம்பி வந்து சுமக்கிறார்கள். ஆளும் பொருளும் மாறினாலும் கொடுப்பதும் கொண்டுபோவதும் அப்படியே இருக்கின்றன. அந்த மாறாத செயலைத்தான் எண்ணி 31 என்றார். எல்லாம் எல்லாக் கதையிலும் வராது. வருபவை வரிசை தப்பாது. அவர் சொன்ன 'ஏழு பாத்திரங்கள்' என்பதும் ஏழு ஆட்கள் இல்லை, ஏழு செயல்வட்டங்கள், அதாவது சேர்ந்து வரும் செயல்களின் கட்டுகள். ஒரே ஆள் இரண்டு வட்டத்தில் நிற்கலாம், ஒரு வட்டத்தை நாலு பேர் பங்கு போடலாம். ரஷ்யக் கதைகளின் சூனியக்கிழவி பாபா யாகா ஒரு கதையில் உதவிப்பொருள் தருவாள், இன்னொன்றில் பிள்ளையைத் தூக்கிப் போவாள்.

"தொடக்கக்காரர்களுக்கு உதவுகிறதே, உங்களுக்கென்ன?" என்பீர்கள். உதவட்டும். உங்கள் பெயரில் விற்றுக்கொள்ளுங்கள். "லெவி-ஸ்ட்ராஸே இவரைக் கிழித்தாரே" என்பவர்களுக்கு: அவர் படித்துவிட்டுக் கிழித்தார்.

"பேராசிரியர் திமிர்" என்று நேற்றே ஒருவர் கமெண்டில் எழுதிவிட்டார். சரி, திமிர்தான். அந்தப் புத்தகத்தைப் பத்துப் பேர் படித்திருந்தால் எனக்கு இந்தத் திமிர் தேவைப்பட்டிருக்காது.

அப்புறம் அந்த வில்லன். ப்ராப்பின் 31இல் எட்டாவது செயல் தீங்கு. அதே எண்ணில் பக்கத்திலேயே 8அ: குறை. மணப்பெண் இல்லை, மாயப்பொருள் இல்லை, அதைத் தேடிக் கிளம்புகிறான். வில்லன் வேண்டியதே இல்லை, கதை ஓடுகிறது. பட்டறையில் கொடுத்த அட்டவணையில் எட்டுக்கு ஒரே கட்டம், மேலே கொட்டை எழுத்தில் 'வில்லன்'. 8அ-வைக் காணோம்.