கரடிக் கதை வேறு, இந்தப் படம் வேறு
கட்டிவைத்த கரடியைச் சுட மறுத்த அமெரிக்க அதிபர் தியோடர் ('டெடி') ரூஸ்வெல்ட்டையே 'டெரிபிள் டெடி, த கிரிஸ்லி கிங்' என்ற மௌனப் படம் கேலி செய்கிறது எனச் சொல்வது சரியன்று. எடிசன் நிறுவனத்துக்காக எட்வின் எஸ். போர்ட்டர் எடுத்த இப்படம் 1901இல் வெளிவந்தது. மிசிசிப்பியில் ஹோல்ட் காலியர் என்ற வழிகாட்டி வேட்டை நாய்களுடன் கரடியை மடக்கிக் கட்டியதோ 1902 நவம்பரில். ரூஸ்வெல்ட் 1901 தொடக்கத்தில் கொலராடோவில் ஆடிய பூமா (மலைச் சிங்கம்) வேட்டையே படத்தின் இலக்கு. தலைப்பில் 'கிரிஸ்லி' என்ற கரடி வகையின் பெயர் இருப்பதால் குழப்பம் நேர்வது இயல்புதான். ஆனால், 'என் செய்தித் தொடர்பாளர்', 'என் புகைப்படக்காரர்' என எழுதிய அட்டைகளை அணிந்த இருவர் பின்தொடர, படத்தில் ரூஸ்வெல்ட்டாக வருபவர் மரத்தை நோக்கிச் சுட்டதும் கீழே விழுவது ஒரு சாதாரண வீட்டுப் பூனை.