கொரியாவுல பூ பார்க்க ஒரு நாள் டூர் புக் பண்றவங்களுக்கு

மார்ச் பொறந்தாலே இன்பாக்ஸ்ல ஒரே கேள்விதான். "அக்கா, சியோல் வரோம், செர்ரி பிளாசம் பார்க்க கைடோட போற ஒரு நாள் டூர் புக் பண்ணலாமா, இல்ல காசு வேஸ்டா?" ஒவ்வொருத்தருக்கும் தனியா டைப் பண்ணி மாளல, அதனால மொத்தமா இங்கயே எழுதிடறேன். தாராளமா டூர்ல போங்க. ஆனா எந்த டூர்ல கைடு மைக்கைப் பிடிச்சு அந்த ஊரோட கதையைச் சொல்றாங்கன்னு விசாரிச்சுட்டுப் போங்க. கொரியாவுல செர்ரி மரத்துக்குப் பின்னாடி அந்த ஜனங்க பட்ட பாடு நிறைய இருக்கு, அது தெரியாம மரத்தடியில நின்னு போட்டோ எடுத்துட்டு பஸ் ஏறுறது எனக்கு மனசுக்கு ஒப்பவே இல்ல.

முதல்ல ஜின்ஹே. டூர் விளம்பரம் பாதிக்கு மேல இந்த ஊர்தான். தெற்குக் கடற்கரையில இருக்கிற கடற்படை ஊர், 2010ல சாங்வோன் நகரத்தோட சேர்த்துட்டாங்க. ஊர் முழுக்க 3,60,000 செர்ரி மரம்னு சொல்றாங்க, மார்ச் கடைசி, ஏப்ரல் முதல் வாரம் போனீங்கன்னா நம்புவீங்க. யோஜ்வாசோன்னு ஒரு ஓடை, ரெண்டு கரையிலயும் மரம், கிளையெல்லாம் தண்ணி மேல வளைஞ்சு ஒண்ணோட ஒண்ணு கைகோத்துக்கிட்டு நிக்கும், குட்டிக் குட்டி மரப்பாலத்துல நின்னு அண்ணாந்து பார்த்தா வானம் கண்ணுக்கே தெரியாது. அப்புறம் கியோங்ஹ்வா ஸ்டேஷன். 2006லயே பயணிகள் ரயில் நின்னுபோச்சு, தண்டவாளத்தை மட்டும் அப்படியே விட்டு வச்சிருக்காங்க, ஒரு ரயிலையும் நிப்பாட்டி வச்சிருக்காங்க, அது பக்கத்துல நின்னு போட்டோ எடுக்க ஜனங்க க்யூ கட்டி நிக்கிறாங்க.

எல்லா டூரும் இந்த ரெண்டு இடத்தையும் காட்டிட்டு "நாலு மணிக்கு பஸ்ஸுக்கு வந்துடுங்க"ன்னு விட்டுடறாங்க. எனக்கு வருத்தமே இதுலதான். ஜின்ஹேவை ஒரு நகரமா கட்டினது ஜப்பான்காரங்க, கொரியாவை அடிமைப்படுத்தி வச்சிருந்த காலத்துல, அவங்க கடற்படைத் தளத்துக்காக. எட்டு ரோடு வந்து சேர்ற அந்த ஜுங்வோன் ரவுண்டானா அவங்க போட்ட பிளான்தான். செர்ரி மரத்தை வரிசை வரிசையா நட்டதும் அவங்கதான். 1945ல விடுதலை வந்ததும் ஜனங்க கோபத்துல அதுல நிறைய மரத்தை வெட்டிப் போட்டாங்க, அடிமைக் காலத்து அடையாளம் எங்களுக்கு வேண்டாம்னு. அந்தக் கோபம் நமக்குப் புரியாதா என்ன. அப்புறம் 1960கள்ல, இந்த வகை மரத்தோட பூர்வீகமே கொரியாவோட ஜேஜு தீவுதான்னு ஒரு பேச்சு வலுவா வந்து, அதே ஊர்ல திரும்ப நட ஆரம்பிச்சாங்க. இன்னைக்கு நாம அண்ணாந்து பார்க்கிற ஜின்ஹே அப்படி ஒரு தடவை வெட்டுப்பட்டு மறுபடி எழுந்த ஜின்ஹே.

திருவிழாவும் பூவுக்காக ஆரம்பிச்சதில்ல. 1952ல, கொரியப் போர் இன்னும் நடந்துக்கிட்டு இருக்கும்போதே, புக்வோன் ரவுண்டானாவுல தளபதி யி சுன்-ஷினுக்கு சிலை வச்சு அஞ்சலி செலுத்தினாங்க. 1592ல ஜப்பான் படை வந்தப்போ ஆமைக் கப்பலோட (ஆமை ஓடு மாதிரி மேல மூடின போர்க்கப்பல்) கடல்ல மறிச்சு அடிச்சவர், 1598ல நோர்யாங் கடல் சண்டையில குண்டடிபட்டு செத்தவர். அந்த அஞ்சலிதான் 1963ல இருந்து குன்ஹாங்ஜேன்னு பெரிய விழாவா மாறினது. ஜப்பான் நட்ட மரம் நின்ன ஊர்ல, ஜப்பானைத் தோக்கடிச்ச தளபதிக்கு எடுக்கிற விழா! இதை ஒரு கைடு சொல்லாம விட்டா அது எவ்வளவு பெரிய இழப்பு, சொல்லுங்க.

ஜேஹ்வாங்சன் குன்றுக்கும் கட்டாயம் ஏறுங்க. 365 படி, முடியாதவங்களுக்கு மோனோரயில் இருக்கு. மேல போர்க்கப்பல் மாதிரி ஒரு கோபுரம். முன்னாடி அதே இடத்துல ரஷ்யாவை ஜெயிச்சதுக்கு ஜப்பான் எழுப்பின வெற்றித் தூண் நின்னுச்சு, அதை இடிச்சுட்டு 1967ல கொரியக் கடற்படைக்குக் கட்டின கோபுரம் இது. மேல இருந்து பார்த்தா ரவுண்டானா, எட்டு ரோடு, துறைமுகம், நடுவுல எல்லாம் வெள்ளை வெள்ளையா பூ. வருஷம் பூரா பொதுமக்களை விடாத கடற்படை வளாகத்தையும் விழா நாள்ல திறந்து விடுவாங்க, அங்க இருக்கிற கடற்படை அகாடமி உள்ள ஆமைக் கப்பலோட மாதிரி ஒண்ணு இருக்கு. இந்த ரெண்டும் இல்லாத ஜின்ஹே டூர் எவ்வளவு சீப்பா கிடைச்சாலும் எனக்கு வேண்டாம்.

சியோல்லயே இருக்கப் போறோம், அங்க ஆத்துக்கு நடுவுல இருக்கிற யோயிடோ தீவுல செர்ரி பார்த்துக்கறோம்னு சொல்றவங்களும் கேட்டுக்கோங்க. சாங்கியோங்குங் அரண்மனைக்குள்ள 1909ல ஜப்பான்காரங்க மிருகக்காட்சி சாலை வச்சாங்க, ராஜா வாழ்ந்த இடத்துல! செர்ரி மரமும் நட்டு, அரண்மனைங்கிற பேரையே எடுத்துட்டு பார்க் ஆக்கிட்டாங்க, ராத்திரியில விளக்கு போட்டு பூ பார்க்கக் கூட்டம் கூட்டினாங்க. 1983லதான் அரண்மனைக்குப் பழைய பேர் திரும்பக் கிடைச்சுது, மிருகங்களை சியோலுக்குப் பக்கத்து ஊர் குவாசோனுக்குக் கொண்டு போனாங்க, செர்ரி மரங்கள்ல ஒரு பகுதியைப் பிடுங்கிட்டுப் போய் யோயிடோவுல நட்டாங்க. ஜனங்க பாய் விரிச்சு சிக்கன் சாப்பிடற அந்த ரோட்டோர மரத்துக்குள்ள இவ்வளவு கதை இருக்கு.

2018ல மரபணுவை ஆராய்ஞ்சு, ஜேஜு தீவு மரமும் ஜப்பான்ல பரவலா இருக்கிற மரமும் வேற வேறன்னு சொல்லிட்டாங்க. அதனால ரோட்டோரத்துல இருக்கிறதை எடுத்துட்டு ஜேஜு மரமா நடணும்னு இப்ப ஒரு தரப்பு பேசுது. எனக்கு அதுல உடன்பாடு இல்ல. அந்த மரத்தடியில பாட்டி, அம்மா, பேத்தின்னு மூணு தலைமுறை நடந்தாச்சு, மரம் என்ன தப்பு பண்ணுச்சு? புதுசா நடும்போது ஜேஜு மரமா நடட்டும், இருக்கிறது இருக்கட்டும்.

சரி, தேதி விஷயத்துக்கு வரேன், ஏன்னா பணம் போறது இங்கதான். சியோல் வானிலை ஆய்வு மையத்துல ஒரு குறிப்பிட்ட செர்ரி மரம் வச்சிருக்காங்க, அதுல ஒரே கிளையில மூணு பூ விரிஞ்சாத்தான் சியோல்ல பூத்தாச்சுன்னு அறிவிப்பாங்க. 2021ல அது மார்ச் 24, 1922ல குறிச்சு வைக்க ஆரம்பிச்சதுல இருந்து அதுதான் ரொம்ப சீக்கிரம். 2023ல மார்ச் 25. அதை நம்பி 2024ல எல்லாரும் விழாவை முன்னாடி இழுத்தாங்க, குளிரும் மழையும் வந்து பூ வரவே இல்ல, ஜின்ஹேல விழா ஆரம்பிச்சப்போ பெரும்பாலும் மொட்டுதான். கிழக்குக் கடற்கரையில இருக்கிற சோக்சோ ஊர்க்காரங்க "வானத்தை எங்களால ஜெயிக்க முடியல"ன்னு மன்னிப்பு கேட்டு விழாவை ரெண்டாவது தடவையும் நடத்தினாங்க, அந்த மனசு எனக்கு ரொம்பப் பிடிச்சிருந்துச்சு. 2025 மார்ச்ல தென்கிழக்குல பெரிய காட்டுத்தீ, உயிரெல்லாம் போச்சு, பல ஊர்ல விழாவையே ரத்து பண்ணிட்டாங்க.

அதனால பூ முழுசா விரிஞ்சு நிக்கிறது ஒரு வாரம்தான், நடுவுல ஒரு மழை அடிச்சா அதுவும் இல்லன்னு மனசுல வச்சுக்கிட்டு புக் பண்ணுங்க. பூ இல்லைன்னா வேற ஊருக்கு மாத்திக் கூட்டிட்டுப் போவீங்களா, எத்தனை நாள் முன்னாடி கேன்சல் பண்ணா பணம் வரும்னு முதல்லயே எழுத்துல கேட்டு வாங்குங்க. எங்க வீட்டுக்கு வந்த சொந்தக்காரங்க ஒரு டூர்ல பணம் கட்டி, மொட்டு மட்டும் பார்த்துட்டு வந்தாங்க, கேட்டா "இயற்கை"ன்னு பதில். இயற்கைதான், ஒத்துக்கறேன், ஆனா முந்தின நாளே நிலவரம் தெரியுமே, ஒரு மெசேஜ் போட்டிருக்கலாமே.

அடுத்தது தூரம். சியோல்ல இருந்து ஜின்ஹே கிட்டத்தட்ட 400 கிலோமீட்டர். காலையில ஹோங்தே, மியோங்தோங் பக்கம் ஏத்திக்கிட்டு கிளம்பினா போக மட்டும் நாலரை, அஞ்சு மணி நேரம், விழா சனிக்கிழமைன்னா அதுக்கும் மேல, திரும்பி வரவும் அதே. பத்து மணி நேரம் பஸ்ல உக்காந்து மூணு மணி நேரம் பூ பார்க்கணும், வயசான அப்பா அம்மாவை வச்சுக்கிட்டு தயவுசெஞ்சு இதைப் பண்ணாதீங்க. கேடிஎக்ஸ் அதிவேக ரயில்ல தெற்கே புசான் நகரத்துக்குப் போயிடுங்க, ரெண்டே முக்கால் மணி நேரம், ஒரு ராத்திரி தங்குங்க, அங்க இருந்து ஜின்ஹேக்கு டூர் எடுங்க, ட்ராஃபிக் இல்லைன்னா ஒரு மணி நேரம். வார நாளா, காலையில சீக்கிரமா போங்க. ஒரே நாள்ல அஞ்சு இடம்னு போட்டிருக்கிற எந்த டூரையும் தொடாதீங்க.

என்னைக் கேட்டா கைடு டூருக்குன்னே அமைஞ்ச இடம் தெற்குப் பக்கம் ஓடுற சோம்ஜின் ஆத்தங்கரைதான், ஆனா நம்ம ஆளுங்க யாருமே அதைக் கேக்க மாட்டேங்கறாங்க. அங்க கிராமம் கிராமமா சிதறிக் கிடக்கு, லோக்கல் பஸ் எப்பவோ ஒண்ணு, சொந்தமா போனா பாதி நாள் ஸ்டாப்லயே போயிடும். மார்ச் நடுவுல குவாங்யாங் மேஹ்வா கிராமம், மலைச்சரிவு பூரா பிளம் பூ, காத்துல வாசனையே வரும், செர்ரியில இந்த வாசனை கிடையாது. கீழ வரிசையா பெரிய பெரிய மண் ஜாடி, உள்ள பிளம் காயை ஊறப் போட்டிருப்பாங்க. அங்க இருந்து குரே பக்கம் சன்தோங், அங்க சன்சுயுன்னு மஞ்சப் பூ, கல்லு சுவரு, ஓடை, அதுக்கு நடுவுல ஊரே மஞ்சளா இருக்கும். இலையுதிர் காலத்துல இதுல செக்கச்செவேல்னு பழம் வரும், மருந்துக்கு எடுப்பாங்க, அந்தக் காலத்துல பொம்பளைங்க பல்லாலயே கடிச்சு கொட்டையை எடுத்திருக்காங்க, அதுலயே பல்லு தேஞ்சு போயிருக்கு. பூவைப் பார்க்கும்போது இதையும் தெரிஞ்சுக்கிட்டுப் பார்க்கணும்.

ஏப்ரல் தொடக்கம்னா அதே ஆத்தங்கரையில ஹாடோங் பக்கம் ஹ்வாகே ஊர். சந்தையில இருந்து சாங்க்யேசா புத்தர் கோயில் பக்கம் போற செர்ரி ரோடு, ஜோடியா கைகோத்து நடந்தா கடைசி வரைக்கும் சேர்ந்து வாழ்வாங்கன்னு அந்த ஊர்ல ஒரு நம்பிக்கை. ரெண்டு பக்கமும் தேயிலைச் சரிவு. 828ல சீனாவுல இருந்து கொண்டு வந்த தேயிலை விதையை ராஜா உத்தரவுல ஜிரிசன் மலைப் பக்கம் நட்டாங்கன்னு பழைய சரித்திர ஏடே சொல்லுது. ஆத்துல எடுக்கிற குட்டிச் சிப்பியில சூப் வைப்பாங்க, சாப்பிடறவங்க விடாதீங்க. சைவம்னா கைடுகிட்ட முன்னாடியே சொல்லிடுங்க, பார்த்தா வெறும் காய் சூப்பா இருக்கும், ஆனா நெத்திலி கொதிக்க வச்ச தண்ணியில பண்ணியிருப்பாங்க. முட்டை, கறி இல்லாம பிபிம்பாப் (காய் போட்டுக் கலந்து சாப்பிடற சாதம்) கேட்டு வாங்கலாம், கையில கொஞ்சம் புளிசாதமும் இருந்தா நிம்மதி.

ஏப்ரல் நடுவுலதான் லீவு கிடைக்குதுன்னா தெற்கே செர்ரி டூர் எதுவும் புக் பண்ண வேண்டாம், அங்க இலை வந்திருக்கும். சியோல்ல இருந்து பக்கத்துல கங்ஹ்வா தீவு, கோர்யோசன் மலைக்குப் போங்க, உச்சியில ஜிந்தால்லேங்கிற ரோஸ் கலர் காட்டுப்பூ பூத்து, மலையே அந்தக் கலரா மாறிப் போய் நிக்கும். அரிசி மாவு அடையில இந்த இதழை வச்சுச் சுட்டு வசந்தத்துல சாப்பிடறது கொரியாவுல ரொம்பப் பழைய வழக்கம், ஆனா நீங்களா பறிச்சு வாயில போட்டுடாதீங்க, பார்க்க இதே மாதிரி இருக்கிற சோல்ஜுக்னு ஒரு பூ இருக்கு, அது விஷம். ஏறி இறங்கணும், நல்ல ஷூ போட்டுக்கோங்க.