ஜேம்ஸ் எட்வர்ட்ஸுக்குச் சேர வேண்டிய இடம்

அமெரிக்கத் திரையின் கறுப்பின நாயகர்களைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் சிட்னி பாய்ட்டியரிலிருந்தே தொடங்குகிறது. பாய்ட்டியரின் மீது எனக்குப் பெருமதிப்பு உண்டு. ஆனால் 1950இல் 'நோ வே அவுட்' வழியாக அவர் வருவதற்கு முந்தைய ஆண்டே, ஸ்டான்லி கிராமர் தயாரித்த 'ஹோம் ஆஃப் த பிரேவ்' படத்தின் மையப் பாத்திரத்தை ஜேம்ஸ் எட்வர்ட்ஸ் ஏற்றிருந்தார் என்பதை யாரும் சொல்வதில்லை. மூல நாடகத்தில் யூதராக இருந்த சிப்பாயைப் படத்தில் கறுப்பினத்தவராக மாற்றியிருந்தார்கள். போர்முனையில் நண்பனைப் பறிகொடுத்த பின், உடலில் காரணம் எதுவும் இல்லாமலே நடக்க முடியாமல் போன அந்தச் சிப்பாயை, மருத்துவர் இனவசை சொல்லிச் சீண்டி எழுந்து நடக்க வைக்கும் காட்சியை எட்வர்ட்ஸ் சுமந்த விதம் ஒன்றே அவரைப் பெரிய நடிகராக்கப் போதுமானது.

சாமுவேல் ஃபுல்லரின் 'த ஸ்டீல் ஹெல்மெட்' (1951) படத்தில் அவர் ராணுவ மருத்துவ உதவியாளர். சொந்த நாட்டிலேயே பேருந்தின் பின்னிருக்கையில் உட்கார வேண்டிய நீ எதற்காகப் போரிடுகிறாய் என்று வடகொரியக் கைதி கேட்கிறான். நூறாண்டுக்கு முன்பு பேருந்திலேயே ஏறியிருக்க முடியாது, இன்று பின்னால் உட்காரலாம், ஐம்பதாண்டில் நடுவிலும் ஒருநாள் முன்னாலும் உட்காரலாம் என்ற பொருள்பட அவர் குரலை உயர்த்தாமல் பதில் சொல்கிறார். அந்தப் பின்னிருக்கை விதியை எதிர்த்துக் கறுப்பினத்தவர் நடத்திய மாண்ட்கோமரி பேருந்துப் புறக்கணிப்பு தொடங்கியது 1955 டிசம்பரில்தான்.

அதன்பிறகு வந்தவை பெரும்பாலும் துண்டு வேடங்கள். அவற்றிலும் அவர் அலட்சியம் காட்டியதில்லை. குப்ரிக்கின் 'த கில்லிங்' (1956) படத்தில் குதிரைப் பந்தய மைதானத்து வண்டி நிறுத்துமிடக் காவலாளியாக வருகிறார். பந்தயக் குதிரை ஒன்றைச் சுடுவதற்காகக் காசு கொடுத்து உள்ளே நுழைந்தவனை நண்பனாகவே எண்ணி, ராசிக்காக ஒரு குதிரை லாடத்தைக் கொண்டுவந்து கொடுக்கிறார். அவன் இனவசையால் விரட்டியதும் அதைத் தரையில் எறிந்துவிட்டுப் போகிறார். தப்பியோடும்போது அவனுடைய வண்டியின் டயரைக் கிழிப்பது அந்த லாடம்தான். சில நிமிடங்களே வரும் அந்த வேடத்தில், நட்போடு மலர்ந்த முகம் கடினமாக மாறுவதை ஒருமுறை பாருங்கள்.

தொலைக்காட்சி 1955இல் அவருக்கு ரால்ஃப் பஞ்ச் வேடத்தைத் தந்தது. அமைதிக்கான நோபல் பரிசு பெற்ற ஒருவரின் வேடம் அது. அத்தகைய வாய்ப்பு அபூர்வமாகவே வாய்த்தது. 1970 ஜனவரியில், 51ஆம் வயதில், அவர் இறந்தார். அடுத்த மாதம் வெளியான 'பேட்டன்' படத்தில் அவருக்குக் கிடைத்திருந்தது தளபதியின் பணியாளர் வேடம். சிப்பாயாக ஒரு படத்தையே தாங்கியவரிடம் இருபதாண்டு கழித்து ஹாலிவுட் கேட்டது அவ்வளவுதான். அவருடைய திறமை குறைந்துவிட்டது என்று அவர் படங்களைப் பார்த்த எவரும் சொல்ல முடியாது. கறுப்பின நாயகனுக்கான கதைகளை எழுதும் துணிவு அந்தத் தொழிலுக்கு இல்லை என்பதே என் உறுதியான கருத்து.