செனட்டை மூட வேண்டாம், நியமனத்துக்கு ஒரு சட்டம் போடுங்கள்

கனடா நாடாளுமன்றத்தின் மேல்சபையான செனட் பற்றிப் பேச்சு வந்தாலே, "மக்கள் ஓட்டுப் போடாத சபை எதற்கு? இழுத்து மூடுங்கள்" என்கிறார்கள் நம் நண்பர்கள். கோபம் புரிகிறது. பிரதமர் பெயர் சொல்ல, மன்னரின் பிரதிநிதியான ஆளுநர் நாயகம் நியமிக்கும் 105 இருக்கைகள். உட்கார்ந்தவர்களை 75 வயதுவரை அசைப்பது கடினம். ஆனால் மூடுவது நடக்கிற காரியமில்லை. பத்து மாகாணங்களும் சம்மதிக்க வேண்டும் என்று 2014இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

சரி, தேர்தல் வைக்கலாமா? எனக்கு உடன்பாடில்லை. 50 லட்சம் பேருக்கு மேல் வாழும் பிரிட்டிஷ் கொலம்பியாவுக்கு 6 செனட்டர்கள். பத்து லட்சம்கூட இல்லாத நியூ பிரன்ஸ்விக்குக்கு 10. இந்தக் கணக்கைத் திருத்தாமல் ஓட்டுப்பெட்டி வைத்தால், அநியாயத்துக்கு மக்கள் ஆணை என்ற பலமும் சேர்ந்துவிடும்.

என்னை உறுத்துவது பிரதமரின் தனி அதிகாரம். 1990இல் ஜிஎஸ்டி என்ற வரிக்கான மசோதா செனட்டில் சிக்கியபோது, அன்றைய பிரதமர் பிரையன் மல்ரோனி அரசியலமைப்பில் அதுவரை பயன்பட்டிராத ஒரு பிரிவை எடுத்து எட்டு செனட்டர்களைக் கூடுதலாக நியமிக்க வைத்தார். மசோதா நிறைவேறியது. பின்னாளில் பிரதமரான ஸ்டீபன் ஹார்ப்பரோ 2013க்குப் பிறகு நியமிப்பதையே நிறுத்தினார். 2015இல் 22 இருக்கைகள் காலி.

2016இல், செனட்டர் பதவிக்குப் பெயர்களைப் பரிந்துரைக்க, அடுத்த பிரதமர் ஜஸ்டின் ட்ரூடோவின் சுயாதீன ஆலோசனைக் குழு வந்தது. பொதுமக்கள் தாங்களே விண்ணப்பிக்கலாம். கட்சிக் கொறடாவுக்குக் கட்டுப்படாத செனட்டர்கள் பெரும்பான்மை ஆனார்கள். மனதாரப் பாராட்டுகிறேன். ஆனால் அந்தக் குழுவுக்கென்று தனிச் சட்டம் இல்லை. நினைத்தால் ஒரு பிரதமர் அதை ஓரங்கட்டிவிடலாம். அதனால்தான் சட்டம் கேட்கிறேன். காலி இடத்தை ஆறு மாதத்துக்குள் நிரப்ப வேண்டும். குழுவின் பரிந்துரையை ஏற்காவிட்டால் பிரதமர் காரணத்தை எழுத்தில் வெளியிட வேண்டும். இறுதி முடிவு அவரிடமே இருப்பதால், இதற்கு மாகாணங்களின் சம்மதம் தேவைப்படாது என்றே நினைக்கிறேன்.

அப்புறம் அந்த 4,000 டாலர் விதி. செனட்டர் ஆகத் தன் மாகாணத்தில் அவ்வளவு பெறுமதியான நிலம் வேண்டும், கடன் போக அதே அளவு சொத்தும் வேண்டும். 1867இல் எழுதியது. 1997இல் நியமிக்கப்பட்ட பெகி பட்ஸ், சொந்தமாகச் சொத்து வைத்துக்கொள்வதில்லை என்று வாக்குக் கொடுத்த கன்னியாஸ்திரி. அவருடைய துறவற சபை ஒரு துண்டு நிலத்தை அவர் பெயருக்கு மாற்ற வேண்டியிருந்தது! டொராண்டோவில் வாடகை வீட்டில் இருந்துகொண்டு முப்பது வருடம் வேலை செய்த ஒரு தாதிக்கு யார் நிலம் எழுதிக் கொடுப்பார்கள்? சொத்து மதிப்பு நிபந்தனையை நாடாளுமன்றம் தனியாகவே நீக்கலாம், நிலம் பற்றியதை முழுதாக நீக்கக் கியூபெக்கும் இசைய வேண்டும் என்று அதே 2014 தீர்ப்பு வழி சொல்லியிருக்கிறது.

அடுத்த தேர்தலில் உங்கள் வாசலுக்கு வரும் வேட்பாளரிடம் இந்த இரண்டையும் கேளுங்கள்: குழுவுக்குச் சட்டம் வருமா? சொத்து விதி போகுமா?