'பரிசீலித்து' என்ற ஒரு சொல்

பணி வழக்கில் ஜெயித்தவர்கள் முதலில் கேட்பது: "கெடு முடிஞ்சும் ஆபீஸ்ல ஒண்ணும் செய்யல, கன்டெம்ட் போடலாமா?" அவமதிப்பு வழக்குப் போடலாம். உயர் நீதிமன்றத்துக்கு உள்ள அதே அவமதிப்பு அதிகாரத்தை, 1985ஆம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டத்தின் 17ஆவது பிரிவு மத்திய அரசு ஊழியர்களின் பணி வழக்குகளை விசாரிக்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்கும் தருகிறது. ஆனால் அதற்கு முன் ஆர்டர் காப்பியின் கடைசிப் பத்தியைப் படியுங்கள்.

"மனுதாரரின் கோரிக்கையைப் பரிசீலித்து 12 வாரத்துக்குள் உரிய ஆணை பிறப்பிக்க வேண்டும்" என்றிருக்கிறதா? அப்படியானால் நீங்கள் இன்னும் ஜெயிக்கவில்லை. ஒரு பக்கத்தில் நிராகரிப்பு ஆணை போட்டால் அதிகாரி கடமை முடிந்தது. அது தவறான ஆணையாகவே இருக்கட்டும். அதற்குத் தனி வழக்குதான் போட வேண்டும், அவமதிப்பு ஆகாது என்று 1996இல் ஜே.எஸ்.பரிஹார் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. மறுபடி ஓ.ஏ. (தீர்ப்பாயத்தில் போடும் மூல மனு), மறுபடி வாய்தா. ஆண்டுக்கணக்கில் காத்திருந்த ஓய்வூதியரை இப்படித் திருப்பி அனுப்புவது பெரிய அநியாயம். கோப்பும் பதிலுரையும் முன்னால் இருக்கும்போது உரிமை உண்டா இல்லையா என்று தீர்ப்பாயமே சொல்ல வேண்டும். அதனால் வாதத்தின்போதே "இந்தத் தேதியிலிருந்து நிலுவைத் தொகை வழங்குக" என்று திட்டவட்டமான ஆணையை வழக்கறிஞர் கேட்டு வாங்க வேண்டும்.

அடுத்தது கெடு. பெரும்பாலும் ஆணை நகல் கிடைத்த நாளிலிருந்துதான் கணக்கு. எனவே நகலை ஒப்புகையோடு அனுப்புங்கள். ஜனவரி 20 அன்று சேர்ந்தால் 12 வாரம் ஏப்ரல் 14 அன்று முடியும். அங்கிருந்து ஓராண்டுக்குள் அவமதிப்பு மனு தாக்கலாக வேண்டும். அவமதிப்புச் சட்டத்தின் 20ஆவது பிரிவு அப்படி. நினைவூட்டல் கடிதம் எழுதிக்கொண்டே அந்த ஓராண்டைத் தொலைத்தவர்கள் ஏராளம். கடிதம் போட்டால் கெடு நீளாது.

எதிர்மனுதாரராக அதிகாரியின் பெயரைச் சேர்க்க வேண்டும், பதவியை மட்டும் எழுதினால் போதாது. இடையில் மாற்றலாகியிருந்தால், புதிதாக வந்தவருக்கும் நகலை அனுப்பிவிட்டுச் சேர்க்க வேண்டும். வேண்டுமென்றே மீறினார் என்று காட்ட, ஆணை அவருக்குத் தெரிந்திருந்தது என்ற சான்று அவசியம்.

மேல் வழக்குப் போட்டிருக்கிறோம் என்று அதிகாரி சொல்வது பதிலாகாது. தடை உத்தரவு வாங்கியிருக்க வேண்டும். நடைமுறையில் அதைச் சொல்லியே வாய்தா வாங்குகிறார்கள். உயர் நீதிமன்றத்தில் முன்கூட்டியே கேவியட் (எங்களைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள் என்ற மனு) போட்டு வைத்தால், உங்களைக் கேட்காமல் தடை கிடைப்பது கடினம்.

தீர்ப்பாயமே தாமதித்தால்? அது அவமதிப்பு ஆகாது. குறிப்பிட்ட காலத்துக்குள் முடிக்க உத்தரவிடுமாறு உயர் நீதிமன்றத்தில் ரிட் போடலாம். வாதம் முடிந்து ஒத்திவைத்த தீர்ப்பு 3 மாதத்தில் வராவிட்டால் விரைவில் வழங்கக் கோரி மனு செய்யலாம், 6 மாதம் கடந்தால் வேறு அமர்வு கேட்கலாம் என்று 2001இல் அனில் ராய் வழக்கில் உச்ச நீதிமன்றம் வழிகாட்டியது. ஆனால் அது உயர் நீதிமன்றங்களுக்குச் சொன்னது. எல்லாத் தீர்ப்பாயங்களுக்கும் இதே கெடுவைச் சட்டத்திலேயே எழுத வேண்டும். கடைசியாக, தண்டனை. ஆணையை மீறும் அதிகாரிக்கு உச்சபட்சம் 6 மாத வெறுங்காவல், அபராதம் 2,000 ரூபாய். அவமதிப்புச் சட்டம் 1971இல் வைத்த தொகை, இன்றும் அதேதான்.