தானாவை ஒதுக்கிவிட்டுத் திவேஹி கற்க முடியுமா?

மாலத்தீவுக்கு ஆசிரியர்களாகவும் செவிலியர்களாகவும் கணக்கர்களாகவும் வரும் நம்மவர்களில் அந்நாட்டு மொழியான திவேஹியைக் கற்க ஆசைப்படுவோர் பெரும்பாலும் ஒரே வழியைத்தான் பின்பற்றுகிறார்கள். காதில் விழுந்த சொற்றொடரைத் தமிழிலோ ஆங்கில எழுத்திலோ கைப்பேசியில் குறித்துக்கொண்டு, அதை மனப்பாடம் செய்துவிடுவார்கள். மீன் வாங்கவும் படகுக்குக் கட்டணம் கேட்கவும் அது போதும். பள்ளிகளிலும் பாடமொழி ஆங்கிலம் என்பதால் யாரும் அதற்குமேல் வற்புறுத்துவதில்லை. ஆனால் மொழியையே கற்க வேண்டும் என்று எண்ணுபவர் அதன் சொந்த எழுத்தான தானாவைத் தொடக்கத்திலேயே கற்றுக்கொண்டாக வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. "வலமிருந்து இடமாக எழுதுவது கடினம், அதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்" என்று தள்ளிப்போடுபவர்கள் இலக்கணத்தையும் சேர்த்தே தள்ளிப்போடுகிறார்கள்.

ஓர் எடுத்துக்காட்டைச் சற்று விரிவாகவே சொல்கிறேன். திவேஹியில் தீவுக்கு 'ரஹ்' என்று பெயர் என ஆங்கில எழுத்தில் படிக்கிறோம். இறுதியில் ஒலிப்பது உண்மையான ஹகரம் அன்று, தொண்டைக்குள் சட்டென்று அறுபடும் ஓர் ஓசைதான். 'தீவில்' என்பதற்கு 'ரஷுகை', 'தீவிலிருந்து' என்பதற்கு 'ரஷுன்' என்கிறார்கள். இந்த ஷகரம் எங்கிருந்து முளைத்தது என்று ஆங்கில எழுத்தில் கற்பவர் திகைத்துப்போவார். தானாவில் கற்பவருக்குத் திகைப்பே இல்லை, ஏனெனில் அச்சொல்லின் இறுதியில் முதலிலிருந்தே ஷவியனி என்ற எழுத்துத்தான் எழுதப்பட்டிருக்கிறது. சிங்களம் அறிந்தவர்கள் இதைச் சிங்களத்தின் 'ரட்ட'வோடு உடனே பொருத்திப் பார்த்துவிடுவார்கள்.

இனி 'ஒரு தீவு' என்று சொல்லிப் பாருங்கள். அது 'ரஷெஹ்'. இறுதி ஓசை அதேதான், ஆங்கில எழுத்தும் அதேதான், ஆனால் தானாவில் இங்கே நிற்பது அலிஃபு என்ற வேறோர் எழுத்து. இதனுடன் வேற்றுமை உருபு சேரும்போது 'ரஷகஹ்', அதாவது 'ஒரு தீவுக்கு' என்று ககரம் வெளிப்படுகிறது. காதுக்கு ஒன்றாகக் கேட்கும் இரண்டு ஈறுகள் உருபேற்கும்போது இரண்டு வழியாகப் பிரிகின்றன, அந்தப் பிரிவைக் காட்டிக்கொடுப்பது எழுத்து மட்டுமே. புத்தகத்தைக் குறிக்கும் சொல்லும் இப்படித்தான். எழுத்தில் 'ஃபொத்', பேச்சில் 'ஃபொய்', 'ஒரு புத்தகம்' என்னும்போது மீண்டும் 'ஃபொதெஹ்'. மரம் 'மரத்தை' ஆவதைச் சிந்திக்காமலே பேசிப் பழகிய நமக்கு இத்தகைய மாற்றங்கள் அந்நியமானவை அல்ல. அவற்றின் விதி கண்ணில் பட வேண்டும், அவ்வளவுதான்.

ஆங்கில எழுத்து முறைக்கும் ஒரு வரலாறு உண்டு. 1976ஆம் ஆண்டு, அதிபர் இப்ராஹிம் நாசிர் ஆட்சியில், தட்டச்சுச் செய்திகளைத் தொலைவுக்கு அனுப்பும் டெலெக்ஸ் இயந்திரங்கள் வந்தபோது அதிகாரப்பூர்வமாகப் புகுத்தப்பட்டது அது. 1978இல் மவுமூன் அப்துல் கயூம் அதிபராகப் பதவியேற்றதும் தானா திரும்பவும் ஆட்சிக்கு வந்தது, ஆனால் அந்த ஆங்கில எழுத்துக் கூட்டல் பெயர்ப்பலகைகளிலும் குறுஞ்செய்திகளிலும் தங்கிவிட்டது. அதில் ஈகாரத்துக்கு ஆங்கிலத்தின் 'இ' (e) இரண்டு முறை வரும். ஓகாரத்துக்கோ 'ஓ'வையும் (o) 'ஏ'யையும் (a) அடுத்தடுத்து எழுதுகிறார்கள், இதனால் நம் தோணிக்கு உறவான 'தோனி'யைக்கூட நம்மவர்கள் 'தோஆனி' என்று வாசித்துத் தடுமாறுகிறார்கள். தானாவின் உயிர்க்குறிகளான ஃபிலிகள் பத்து. அ ஆ இ ஈ உ ஊ எ ஏ ஒ ஓ என்று நம் வரிசையிலேயே, எகர ஏகாரமும் ஒகர ஓகாரமும் தனித்தனியாக இருக்கின்றன. நமக்கு இதைவிட வசதி வேறென்ன வேண்டும்?

மெய்யெழுத்துகள் 24. முதல் ஒன்பதும் அரபு எண்களான ஒன்று முதல் ஒன்பது வரையிலானவற்றின் வடிவங்களிலிருந்தும், அடுத்த ஒன்பதும் பழைய உள்ளூர் எண்களிலிருந்தும் பிறந்தவை. எண்களை எழுத்தாக்கிய வேறொரு மொழியை நான் கண்டதில்லை. ஹா, ஷவியனி, நூனு, ரா, பா என்று செல்லும் வரிசை அரபு நெடுங்கணக்கோடும் பொருந்தாது, இந்திய நெடுங்கணக்கோடும் பொருந்தாது. ஆனால் நிர்வாகப் பவளத்தீவுக் கூட்டங்களுக்கு வடக்கிலிருந்து தெற்காக இந்த எழுத்துகளையே பெயராக வைத்திருப்பதால், எழுத்து வரிசையை மனப்பாடம் செய்தவருக்கு நாட்டின் வரைபடமும் பாதி மனப்பாடம் ஆகிவிடும்.

தமிழ் நாக்குக்கு நிலவைக் குறிக்கும் 'ஹந்து' ஒரு பொறி. நாம் நகரத்தை அழுத்தமாக ஒலித்துவிடுவோம், அவர்களோ அதை மூக்கில் தொட்டும் தொடாமலும் ஒலிக்கிறார்கள். தானாவில் அழுத்தமான நகரத்துக்கு நூனுவின் மேல் சுகுன் என்னும் புள்ளி போன்ற குறி உண்டு. மெல்லிய ஒலிக்கு எந்தக் குறியும் இல்லாத வெறும் நூனுதான்.

வாக்கிய அமைப்பைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. வினை இறுதியில் வரும், உருபுகள் பெயருக்குப் பின் வரும். 'நான் போவேன்' என்பது 'அஹரென் தானன்', 'அவர் போவார்' என்பது 'ஏனா தானே'. ஏனா என்பது ஆணுக்கும் பெண்ணுக்கும் பொது. மரியாதைதான் சிக்கலானது. மூன்று படிகள், படிக்குப் படி பல வினைச்சொற்களே மாறிவிடும். நம் 'ங்கள்' போல எப்போதும் ஒரு விகுதியை ஒட்டித் தப்பித்துக்கொள்ள முடியாது.

தானா எல்லாவற்றையும் காட்டிவிடும் என்றும் நான் சொல்லவில்லை. மொழியைக் குறிக்கும் 'பஸ்', உருபேற்று 'பஹுகெ' ஆகும்போது எழுத்தும் கூடவே மாறிவிடுகிறது, அதைத் தனியாகத்தான் கற்க வேண்டும். ணகரத்துக்கென்று இருந்த ணவியனி என்ற எழுத்தும் அன்றைய ஆட்சியாளர் முகமது அமீன் காலத்தில், 1950இல், அரசு ஆவணங்களிலிருந்து நீக்கப்பட்டது. தென்பகுதித் தீவுகளின் பேச்சு வழக்குகளை ஆராய விரும்பும் தமிழர் எவரும் அந்த எழுத்தையும் சேர்த்துப் பயில்வது நல்லது. கைப்பேசியில் தானா விசைப்பலகை இலவசமாகவே கிடைக்கிறது. சொற்பட்டியலைத் தொடங்கும் முன் அதை நிறுவிக்கொள்ளுங்கள்.