துபாயிலிருந்து வந்த கோர்ட்டுக் காகிதம்

போன மாதம் எங்கள் தெரு அண்ணன் ஒருவர் பிளாஸ்டிக் பை நிறைய காகிதங்களோடு வந்தார். எல்லாம் அரபி, சில பக்கங்களுக்கு மட்டும் ஆங்கில மொழிபெயர்ப்பு. துபாயில் வாங்கிய வங்கிக் கடன். வேலை போனதும் ஊர் திரும்பிவிட்டார். “அந்த ஊரு கோர்ட்டு தீர்ப்பு இங்க செல்லாதுல்ல தம்பி?”

செல்லும் அண்ணே. 2020 ஜனவரி 17 அன்று இந்திய அரசு வெளியிட்ட அறிவிக்கைக்குப் பிறகு, அமீரக நீதிமன்றங்களின் பணத் தீர்ப்பை நம் மாவட்ட நீதிமன்றத்தில் நேராகத் தாக்கல் செய்து, ஜப்தி வரை போகலாம். சிங்கப்பூர், மலேசியா, பிரிட்டன் தீர்ப்புகளுக்கும் இதே வழிதான். அமெரிக்கா இந்தப் பட்டியலில் இல்லை. அங்கே வாங்கிய தீர்ப்பை வைத்து இங்கே புதிதாக வழக்குப் போட வேண்டும்.

அதற்காக எல்லாம் முடிந்துவிட்டது என்று இல்லை. வெளிநாட்டுத் தீர்ப்பு இங்கே செல்லாமல் போக, சிவில் நடைமுறைச் சட்டம் பிரிவு 13இல் ஆறு விதிவிலக்குகள் உண்டு. அதில் எனக்கு முக்கியமாகப் படுவது, வழக்கின் சாரத்தை, அதாவது யார் பக்கம் நியாயம் என்பதைப் பார்த்துச் சொன்ன தீர்ப்பா என்ற கேள்வி. சென்னையிலிருந்து, வெள்ளைக்காரர் காலத்தில் நமக்கு மேல்முறையீட்டின் கடைசிப் படியாக லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில் வரை போன கீமர் வழக்கைச் சொல்ல வேண்டும். இங்கிலாந்தில் பணம் கேட்டு நடந்த வழக்கு அது. எழுத்தில் கேட்ட கேள்விகளுக்குப் பிரதிவாதி பதில் தரவில்லை என்று அவருடைய எதிர்வாதத்தையே நீக்கிவிட்டு டிகிரி (தீர்ப்பாணை) கொடுத்தார்கள். அந்த டிகிரியை இங்கே கொண்டுவந்தபோது, சாரத்தைத் தொடாத தீர்ப்பு இது, செல்லாது என்று 1916இல் முடிவானது. 2001இல் நம் உச்ச நீதிமன்றமும் ஓர் ஆங்கிலேய எக்ஸ்பார்ட்டி டிகிரியை (பிரதிவாதி வராமலே கொடுத்ததை) இதே காரணத்துக்காக ஏற்க மறுத்தது.

ஆனால் ‘நான் போகவில்லை, அதனால் செல்லாது’ என்று நினைத்துவிடக் கூடாது. ஆள் வராவிட்டாலும், ஆவணங்களையும் சாட்சியத்தையும் பார்த்து நீதிபதி முடிவெடுத்திருந்தால் அது நிற்கும்.

விரைவாக முடிக்கும் முறைக்கு நான் எதிரி இல்லை. நம் ஊரிலேயே அதே சிவில் நடைமுறைச் சட்டத்தில் கட்டளை 37 இருக்கிறது: புரோநோட்டு, செக் வழக்குகளில் பிரதிவாதி சம்மன் கிடைத்த 10 நாளில் ஆஜராக வேண்டும், அப்புறம் எதிர்வாதம் செய்யவே அனுமதி கேட்க வேண்டும். கடன் கொடுத்தவர் வருடக்கணக்கில் வாய்தா வாங்கி அலைவதும் அநியாயம்தானே. ஆனால் அதிலும் சம்மன் கைக்கு வந்து சேர வேண்டும். சேராமலே ஒருவரின் வீட்டை ஜப்தி செய்வதை என்னால் ஏற்க முடியாது.

அண்ணனின் காகிதங்களில் சம்மன் போன முகவரியைத் தேடினோம். அவர் காலி செய்துவிட்டு வந்த அறையின் முகவரி அது. இயற்கை நீதி, அதாவது தன் பக்கத்தைச் சொல்ல வாய்ப்புத் தர வேண்டும் என்ற நெறி, மீறப்பட்டிருந்தால், அதுவும் பிரிவு 13இல் ஒரு விதிவிலக்கு. அந்தப் பக்கத்தையும், அதற்கு முன்பே அவர் ஊர் திரும்பியதைக் காட்டும் பாஸ்போர்ட் முத்திரையையும் அன்றைக்கே ஜெராக்ஸ் எடுத்து வக்கீலிடம் கொடுத்துவிட்டோம்.